ஒரு சீட்டில் இரண்டு பேர்

நாங்கள் இரண்டு பேர் ஒரே சீட்டைப் பங்கு போட்டுக்கொண்டு வேலை பார்த்தோம் என்று சொன்னால் இன்றைக்கு யாரும் ஆச்சரியப்படுவதில்லை. வீட்டிலிருந்து வேலை, பாதி நாள் வேலை என்று என்னென்னவோ வந்துவிட்டது. இரண்டாயிரத்து ஐந்து, ஆறு வாக்கில் கிழக்குத் தாம்பரத்தில், ஒரு மாடி ஆபீசில், அப்படி எதுவும் கிடையாது. காலை எட்டரைக்கு உள்ளே போனால் மாலை ஆறுக்குத்தான் வெளியே வரலாம். நடுவில் உயிரே போனாலும் சீட்டில் உட்கார்ந்தபடிதான் போக வேண்டும். அந்த ஆபீசில்தான் நானும் அவளும் வேலை நேரத்தை வெட்டிக் குறைத்தோம், சம்பளத்தில் ஒரு ரூபாய் குறையாமல் வாங்கியும் காட்டினோம். இப்போது எழுதும்போதும் கொஞ்சம் பெருமையாகத்தான் இருக்கிறது. அந்தப் பெருமையை மட்டும் எழுதிவிட்டு நிறுத்திக்கொள்ள முடிந்தால் நன்றாக இருக்கும்.

வேலை இதுதான். அமெரிக்காவில் டாக்டர்கள் நோயாளியைப் பார்த்து முடித்ததும், என்ன நோய், என்ன மருந்து, அடுத்து என்ன செய்ய வேண்டும் என்று ஒரு கருவியில் பேசி வைத்துவிடுவார்கள். அந்தக் குரல்கள் எங்கள் கம்ப்யூட்டருக்கு வரும். நாங்கள் ஹெட்போனை மாட்டிக்கொண்டு, காலால் ஒரு பெடலை மிதித்துக் குரலை ஓடவிட்டும் நிறுத்தியும், கேட்பதை ரிப்போர்ட்டாக அடிக்க வேண்டும். ஒரு நாளைக்கு இத்தனை லைன் என்று கணக்கு. அதற்கு மேல் அடித்தால் கொஞ்சம் ஊக்கத்தொகை. பேப்பர், பேனா, செல்போன் மூன்றும் உள்ளே வரக் கூடாது. நோயாளிகளின் ரகசியம் வெளியே போய்விடுமாம். வாசலில் இருந்த அலமாரியில் எல்லாவற்றையும் வைத்துப் பூட்டிவிட்டு வெறுங்கையோடு போவோம்.

அவள் என் பக்கத்து சீட். மேற்குத் தாம்பரத்தில், முடிச்சூர் ரோட்டுப் பக்கம் வீடு. அவள் கணவருக்கு மார்க்கெட்டில் பை, செருப்புக் கடை. கணவரின் அண்ணன் குடும்பம், தம்பி குடும்பம், மாமியார் என்று எல்லோரும் ஒரே கூரையின் கீழ் இருந்தார்கள். என்னைவிட இரண்டு வயது மூத்தவள். அக்கா என்றுதான் ஆரம்பித்தேன். முதல் வாரத்திலேயே அது வாடி போடியாகிவிட்டது. முக்காடு நழுவாமல் ஹெட்போனை மாட்டுவதற்கு அவள் ஒரு முறை வைத்திருந்தாள். முதலில் முக்காட்டைக் காதுக்குப் பின்னால் தள்ளி, ஹெட்போனை மாட்டி, அதன் மேல் மறுபடி முக்காட்டை இழுத்துவிடுவாள். பார்ப்பதற்கு ஏதோ குளிர் தேசத்தில் உட்கார்ந்திருப்பவள் போல இருக்கும்.

எங்கள் இருவருக்கும் கை வேகம். இதில் தன்னடக்கம் காட்டப் போவதில்லை. மற்றவர்கள் ஆறு மணிக்கு மூச்சுவாங்கிக்கொண்டு முடிப்பதை நாங்கள் இரண்டு, இரண்டரைக்குள் முடித்துவிடுவோம். முடித்தோம் என்று தெரிந்தால் இன்னொரு கட்டு வேலை தலையில் விழும். அதனால் முடிக்காதது போல நடிப்போம். ஹெட்போனில் எதுவும் ஓடாது, பெடலில் கால் மட்டும் ஆடிக்கொண்டிருக்கும். அவள் திரையைப் பார்த்தபடியே உதட்டை அசைக்காமல் பேசக் கற்றிருந்தாள். நானும் கற்றுக்கொண்டேன். சூப்பர்வைசர் எங்களைத்தான் மற்றவர்களுக்கு உதாரணம் காட்டுவார். தலை நிமிராமல் வேலை பார்க்கிறார்களாம்.

ஆனால் எங்கள் நாள் என்பது உண்மையில் ஒன்றரை மணிக்கு வரும் அந்த அரை மணி நேரம்தான். மொட்டை மாடியில் தண்ணீர்த் தொட்டி நிழலில் உட்கார்ந்து சாப்பிடுவோம். அவள் டப்பாவில் சோறும் தால்ச்சாவும் இருக்கும். என் டப்பாவில் பெரும்பாலும் புளிசாதம் அல்லது தயிர் சாதம். டப்பாவைத் திறந்ததும் மாற்றிக்கொள்வோம், கேட்பதுகூடக் கிடையாது. தண்டவாளத்துப் பக்கமிருந்து மின்சார ரயிலின் சத்தம் வரும். அவள் தன் மாமியார் நடப்பது போல நடந்து காட்டுவாள். நான் என் மைத்துனர் போன் பேசுவது போலப் பேசிக் காட்டுவேன். சொந்த அக்கா தங்கையிடம் சொல்லாததையெல்லாம் அந்தத் தொட்டி நிழலில் ஒருவருக்கொருவர் சொல்லியிருக்கிறோம். நான்கு வருஷம் அப்படி. நான்கு வருஷமும் நான் அதை ஒரு பொருட்டாக நினைத்ததே இல்லை. சாப்பாட்டு இடைவேளை என்றுதான் நினைத்தேன்.

வேலை நேரத்தைக் குறைக்கும் யோசனை என்னுடையதுதான். அதை யார் மேலும் போட முடியாது. என் வீடு சிட்லபாக்கத்தில், ஏரிக்கு இரண்டு தெரு தள்ளி. கணவருக்கு சிறுசேரியில் சாஃப்ட்வேர் வேலை. காலை ஏழு மணிக்கு கம்பெனி பஸ்ஸில் ஏறினால் ராத்திரி எட்டரைக்கு இறங்குவார். பெண் இரண்டாம் வகுப்பு. பள்ளியிலிருந்து மூன்றரைக்கு வந்து, நான் வரும் வரை பக்கத்து வீட்டில் இருப்பாள். ஒரு நாள் நான் போனபோது அவர்கள் வீட்டு சோபாவில் யூனிஃபார்மோடு தூங்கிக்கொண்டிருந்தாள். ஒரு காலில் மட்டும் ஷூ இருந்தது. இன்னொன்றைக் கழற்றும்போதே தூங்கிவிட்டாளாம். அந்தம்மா நல்லவர்தான், ஒரு குறையும் சொல்ல முடியாது. ஆனால் அந்த ஷூவைக் கழற்ற வேண்டியவள் நான். மறுநாள் மாடியில் இதைச் சொன்னபோது எனக்கு அழுகை வந்துவிட்டது.

அவள் தேற்றவில்லை. தன் பங்குக்குச் சொன்னாள். "நானாவது பரவால்லயா? அவங்க கடையை மூடிட்டு வர பத்தரை ஆவுது. காலைல நான் கெளம்பும்போது தூங்குறாங்க. அவங்க முகத்த வெளிச்சத்துல பாத்து எத்தனை நாளாச்சு தெரியுமா?"

அங்கேதான் பொறி தட்டியது. எனக்கு மதியம் வேண்டும், அவளுக்குக் காலை வேண்டும். மேனேஜருக்கோ கம்ப்யூட்டர் வேண்டும். பொத்தேரி காலேஜ் ஹாஸ்டல்களிலிருந்து புதுப் பெண்கள் பயிற்சிக்கு வந்துகொண்டிருந்தார்கள், உட்கார வைக்க சிஸ்டம் இல்லாமல் அவர் தலையைப் பிய்த்துக்கொண்டிருந்தார். நாங்கள் இருவரும் அவர் அறைக்குப் போனோம். எங்களுக்கு மாதச் சம்பளம் வேண்டாம், லைனுக்கு இவ்வளவு என்று கொடுங்கள், இரண்டு பேருக்கும் ஒரே சிஸ்டம் போதும், ஆறரையிலிருந்து பன்னிரண்டு வரை நான், பன்னிரண்டிலிருந்து ஐந்தரை வரை இவள், ஒரு சிஸ்டம் உங்களுக்கு மிச்சம் என்றேன். இதில் நாங்கள் அவரை எங்கே ஏமாற்றுகிறோம் என்று அவர் இரண்டு நாள் யோசித்தார். கண்டுபிடிக்க முடியாமல் மூன்றாம் நாள் சரி என்றார். என் பக்கத்து சீட்டை ஒரு பொத்தேரிப் பெண்ணுக்குக் கொடுத்தார்கள்.

முதல் மாதம் பழைய சம்பளமே வந்தது. மூன்றாவது மாதம் கூடவே வந்தது. நடிப்பதற்குச் செலவான நேரமெல்லாம் இப்போது மிச்சம் அல்லவா. என் கணவர் சம்பளத் தாளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். சிறுசேரியில் இப்படிப் போய்க் கேட்டால் செக்யூரிட்டியைக் கூப்பிடுவார்கள் என்றார். அவர் குரலில் இருந்த வயிற்றெரிச்சல் எனக்குத் தேனாக இருந்தது.

சிட்லபாக்கத்தில் மதியம் பன்னிரண்டரைக்கு ஒரு பெண் ஹேண்ட்பேக்கோடு வீட்டுக்குத் திரும்பினால் அவளுக்கு வேலை போய்விட்டது என்று அர்த்தம். எங்கள் தெருவில் ரிட்டையர் ஆனவர்கள்தான் அதிகம், அவர்களுக்கு கேட்டைப் பார்ப்பதுதான் வேலை. ஒருவர் துக்கம் விசாரிப்பது போல விசாரித்தார். இன்னொருவர் பேப்பரிலிருந்து வேலைவாய்ப்பு விளம்பரத்தைக் கத்தரித்து எங்கள் கேட்டில் செருகிவிட்டுப் போனார். முழுச் சம்பளம் வருகிறது சார் என்று சொன்னால், பாவம், மறைக்கிறது என்பது போலப் பார்த்தார்கள். எனக்கு வாய் கொஞ்சம் நீளம். அடுத்த முறை கேட்டவரிடம், ஆமாம் சார், உங்களுக்குத் தெரிந்த இடத்தில் சொல்லுங்கள், பத்து மணிக்கு எழுந்து வருவது போல வேலையாக இருந்தால் நல்லது என்றேன். அதற்கப்புறம் கேள்வி வரவில்லை.

பொய் சொல்லக் கூடாது, அந்த மதியங்கள் நன்றாகத்தான் இருந்தன. துணி காய்ந்த உடனே மடித்தேன். ஃபேனுக்கடியில் ஒரு மணி நேரம் தூங்கினேன். காலையில் பெண்ணைப் பள்ளிக்கு அனுப்புவதைப் பக்கத்து வீட்டம்மா பார்த்துக்கொண்டார், மூன்றரைக்கு கேட்டில் நின்று நான் கூட்டிக்கொண்டேன், இரண்டு ஷூவையும் நானே கழற்றினேன். வெயில் தாழ்ந்ததும் ஏரிக்கரை வரை நடந்தோம். வாழ்க்கையில் எதையோ ஜெயித்துவிட்டதாகவே எனக்கு நினைப்பு.

சாப்பாடு மட்டும்தான் சரியாக வரவில்லை. சோறு இறங்கவில்லை என்றெல்லாம் கதை விட மாட்டேன், நன்றாகவே இறங்கியது. ஆனால் ஏழு நிமிஷத்தில் முடிந்துவிடும். தட்டைக் கழுவிவிட்டு மணி பார்த்தால் பன்னிரண்டு ஐம்பது. மாடியில் அரை மணி நேரம் போதாமல் மணி அடித்த பிறகும் படியில் நின்று பேசியவள் நான். இப்போது மதியம் முழுவதும் கையில் இருந்தது, சொல்வதற்கு ஆள் இல்லை. முதலில் அது என்ன குறை என்றே பிடிபடவில்லை. உப்பு குறைவு என்று நினைத்து ஊறுகாய் எடுத்து வைத்துக்கொள்வேன்.

அவளை தினமும் பார்த்தேன். பன்னிரண்டு மணிக்கு அவள் வருவாள், நான் எழுவேன். சீட் மாற்றிக்கொள்ள பத்து நிமிஷம் கொடுத்திருந்தார்கள். ஆரம்பத்தில் அந்தப் பத்தையும் பேசியே தீர்த்தோம். அவள் கணவர் காலை இடியாப்பத்தைத் தன் கையாலேயே பிழிந்து கொடுத்தார் என்று ஒரு நாள் முகமெல்லாம் சிவக்கச் சொன்னாள். அவளுக்காகச் சந்தோஷப்பட்டேன். பிறகு பத்து ஐந்தாயிற்று. ஐந்து, "வந்துட்டியா", "கெளம்புறியா" என்ற இரண்டு வார்த்தையாயிற்று. யாரும் எங்களைத் துரத்தவில்லை, நாங்களே துரத்திக்கொண்டோம். லைனுக்குக் காசு என்று ஆனதும் ஒரு நிமிஷம் பேசினால் எத்தனை லைன் போகும் என்று தலைக்குள் ஒரு மீட்டர் ஓட ஆரம்பித்துவிட்டது. மாதச் சம்பளக் காலத்தில் கம்பெனி நேரத்தைத் திருடிப் பேசினோம். இப்போது நேரம் எங்களுடையது, அதனால் கஞ்சத்தனம் வந்துவிட்டது.

அதற்குப் பதிலாகக் கடிதம் எழுதிக்கொள்ளலாம் என்று அவள்தான் ஒரு வழி கண்டுபிடித்தாள். பேப்பர் கூடாது, போன் கூடாது. ஆனால் சிஸ்டத்தில் ஒரு ஃபோல்டர் இருந்தது. ஒருத்தி முடிக்காமல் விட்ட ரிப்போர்ட்டை அதில் போட்டுவிட்டுப் போனால் மற்றவள் வந்து முடித்து அனுப்ப வேண்டும். அதிலேயே எங்கள் கடிதங்களையும் வைத்தோம். அதுவும் எப்படி? ரிப்போர்ட் மாதிரியே. "முப்பத்தாறு வயதுப் பெண், மாமியாரால் உண்டான தலைவலியுடன் வந்திருக்கிறார், வலி பண்டிகை நாட்களில் அதிகரிக்கிறது" என்று அவள் எழுதுவாள். எல்லாம் தமிழ்தான், ஆங்கில எழுத்தில் அடித்தது. நான் சிகிச்சை எழுதுவேன். காலையில் ஆறரைக்கு, தூக்கக் கலக்கத்தோடு அதைத் திறந்து தனியாகச் சிரித்திருக்கிறேன். படித்ததும் அழித்துவிடுவோம்.

இதையும் முதலில் நிறுத்தியது நான்தான். ஒரு கடிதத்துக்குப் பத்து நிமிஷம் பிடித்தது. பத்து நிமிஷம் என்றால் என்ன என்று தலைக்குள் மீட்டர் சொல்லும். இரண்டு முறை பதில் எழுதாமல் விட்டேன். அவள் மூன்றாவதாக ஒன்று எழுதினாள், அதற்கும் பதில் போடவில்லை. பிறகு அவளும் எழுதவில்லை. ஒன்றரை மாதம், இரண்டு மாதம் அந்த ஃபோல்டரில் உண்மையான ரிப்போர்ட்டுகள் மட்டும்தான் இருந்தன.

ஒரு புதன்கிழமை காலை அதில் ஒரு ரிப்போர்ட் இருந்தது. நல்ல ஆங்கிலம், தலைப்புகள் எல்லாம் அததன் இடத்தில். முப்பத்தாறு வயதுப் பெண். இடது மார்பில் ஒரு கட்டி, இரண்டு மாதமாக இருக்கிறது, வலி இல்லை. இரண்டு பிள்ளைகள், இருவருக்கும் தாய்ப்பால் கொடுத்தவர். சித்தி ஒருவர் இதே நோயில் இறந்திருக்கிறார். வீட்டில் யாருக்கும் இன்னும் தெரியாது. வெள்ளிக்கிழமை மதியம் இரண்டு மணிக்கு ஊசியால் எடுத்துப் பரிசோதனை. நோயாளியின் பெயர் இல்லை. பல டாக்டர்கள் பெயர் சொல்ல மறந்துவிடுவார்கள், ஆஸ்பத்திரியில் பிறகு போட்டுக்கொள்வார்கள். அவள் அடித்து முடித்துவிட்டுச் சரிபார்க்க நேரமில்லாமல் விட்டுப் போயிருக்கிறாள் என்று நினைத்தேன். ஓர் எண்ணைத் திருத்தினேன். வேறு ஒன்றிரண்டு இடத்திலும் கைவைத்தேன். மற்றவற்றோடு சேர்த்து அமெரிக்காவுக்கு அனுப்பிவிட்டேன். எல்லாம் சேர்ந்து மூன்று நிமிஷம் ஆகியிருக்கும்.

அன்று பன்னிரண்டுக்கு அவள் வந்தாள். உட்காராமல் நின்றுகொண்டே, நேற்று வைத்திருந்த ரிப்போர்ட்டைப் பார்த்தாயா என்று கேட்டாள். பார்த்தேன், திருத்தி அனுப்பிவிட்டேன் என்றேன். பையைத் தோளில் மாட்டிக்கொண்டே சொன்னேன், அவள் முகத்தைப் பார்த்துச் சொல்லவில்லை. "சரி" என்றாள். ஷேர் ஆட்டோவைப் பிடிக்க நான் ஓடினேன்.

வெள்ளிக்கிழமை அவள் லீவு. காலையில் மேனேஜர் என்னிடம் வந்து, அவளும் இல்லை, சீட் சும்மா கிடக்கும், ஐந்தரை வரை இருக்க முடியுமா என்றார். நான் விறைப்பாக மறுத்தேன். மதியம் என்னுடையது, அதற்காகத்தானே இவ்வளவும் செய்தேன் என்றேன். அவர் தலையை ஆட்டிக்கொண்டு போனார். அன்று மதியம் இரண்டு மணிக்கு நான் என்ன செய்துகொண்டிருந்தேன் என்று எனக்கு நன்றாகத் தெரியும். ஃபேனுக்கடியில் தூங்கிக்கொண்டிருந்தேன்.

திங்கட்கிழமை பதினொரு மணிக்கு மேனேஜர் அழைத்தார். ஒரு ரிப்போர்ட்டைத் திருப்பி அனுப்பியிருக்கிறார்கள். இந்த விவரங்களோடு அந்த ஆஸ்பத்திரியில் நோயாளியே இல்லையாம், எந்த டாக்டரும் இப்படிப் பேசவில்லையாம், குரலே இல்லாத ரிப்போர்ட் எங்கிருந்து வந்தது என்றார். என் சிஸ்டத்திலிருந்து போனது என்பதால் என்னையே பார்க்கச் சொன்னார். சீட்டுக்கு வந்து திறந்தேன். ஃபைலைத் தொடங்கியவர் இடத்தில் அவள் எண் இருந்தது. நேரம் செவ்வாய்க்கிழமை மாலை ஐந்தேகால். மறுபடி முதலிலிருந்து படித்தேன். சித்தி என்ற இடத்துக்கு வந்ததும் கை நின்றுவிட்டது. அந்தச் சித்தியை எனக்குத் தெரியும். மாடியில் ஒரு நாள் முழு இடைவேளையும் அவரைப் பற்றித்தான் பேசினாள். அவளுக்குப் பூத்தையல் கற்றுக்கொடுத்தவர், கடைசி வருஷம் ஊசியில் நூல் கோக்கக்கூடக் கை தூக்க முடியாமல் இருந்தவர்.

பயிற்சிக்காக எழுதிப் பார்த்தது தவறிப் போய்விட்டது என்று மேனேஜரிடம் சொன்னேன். அவர் திட்டினார். என்ன திட்டினார் என்று நினைவில்லை. பன்னிரண்டு மணி எப்போது ஆகும் என்றிருந்தது. ஆகக் கூடாது என்றும் இருந்தது.

அவள் எப்போதும் போல வந்தாள். நான் எழுந்திருக்கவில்லை. திரையில் ரிப்போர்ட் திறந்திருந்தது, அவள் பார்த்தாள். பார்த்துவிட்டு முதலில் என் பயத்தைத்தான் போக்கினாள். ஒன்றுமில்லை, சாதாரணக் கட்டி, சனிக்கிழமை ரிசல்ட் வந்துவிட்டது, எடுக்கக்கூட வேண்டாமாம் என்றாள். தனியாகவா போனாய் என்று கேட்டேன். ஆமாம் என்றாள். குரோம்பேட்டையில் ஆஸ்பத்திரி, போக ஒரு பஸ், வர ஒரு பஸ். வீட்டில் பல் டாக்டர் என்று சொல்லிவிட்டுப் போயிருக்கிறாள். ஏன்டி எனக்கு ஒரு போன் பண்ணவில்லை என்றேன். அதைக் கேட்க எனக்கு என்ன யோக்கியதை என்று தெரிந்தும் கேட்டேன்.

"வீட்ல எங்க நின்னு பேசுறது? எல்லாரும் இருப்பாங்க. ஃபோன்ல சொன்னா அழுதுடுவேன்னு வேற பயம். ரிப்போர்ட் மாதிரி எழுதினா அழுகை வரலடி."

புதன்கிழமையாவது சொல்லியிருக்கலாமே என்றேன். நான் திருத்தி அனுப்பிவிட்டேன் என்று சொன்னதும் முதலில் சிரிப்பு வந்ததாம். அப்புறம் கோபம் வந்ததாம். அதற்குள் நான் படியிறங்கிவிட்டேனாம். இதைச் சொல்லும்போது அவள் என்னைப் பார்க்கவில்லை, திரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"என் வயசு போட்டிருந்தேன். சித்தியப் போட்டிருந்தேன். நான்தான்னு தெரியலையா உனக்கு?"

பக்கத்து சீட்டுப் பொத்தேரிப் பெண் எங்களைத் திரும்பிப் பார்த்தாள். சுவரில் மணி பன்னிரண்டு பன்னிரண்டு. நான் எழுந்தேன், அவள் உட்கார்ந்தாள். முக்காட்டைக் காதுக்குப் பின்னால் தள்ளி, ஹெட்போனை மாட்டிக்கொண்டாள். இனி நான் என்ன சொன்னாலும் அவளுக்குக் கேட்காது.

வெளியே வந்தேன், ஷேர் ஆட்டோ நின்றது, ஏறவில்லை. அலமாரியிலிருந்து எடுத்த போனில் பக்கத்து வீட்டம்மாவை அழைத்து, இன்றைக்கு ஒரு நாள் பெண்ணைப் பார்த்துக்கொள்ளுங்கள் என்றேன். அந்தக் கட்டிடத்தின் படிக்கட்டிலேயே உட்கார்ந்துகொண்டேன். டீ கொண்டுவருகிறவர் இரண்டு முறை மேலே போய்வந்தார். வாட்ச்மேன், யாருக்காகக் காத்திருக்கிறேன் என்று கேட்டுவிட்டுச் செய்தித்தாளைக் கொடுத்தார். அன்று மதியம் எனக்குத் தூக்கம் வரவில்லை. நான்கு வருஷம் மேலே மாடியில் உட்கார்ந்து சாப்பிட்டதையெல்லாம் ஒவ்வொரு நாளாக நினைத்துக்கொண்டிருந்தேன். எதைக் கொடுத்து எதை வாங்கினேன் என்று அன்றைக்குத்தான் தெரிந்தது.

அதற்குப் பிறகு நடந்ததை இங்கேயே சொல்லிவிடுகிறேன். இரண்டு பேருக்கும் பழையபடி முழு நாள் வேலை கொடுங்கள் என்று மேனேஜரிடம் கேட்டேன். எதற்கு என்றார். சேர்ந்து சாப்பிட என்று சொன்னேன். நான் கிண்டல் செய்கிறேன் என்று நினைத்துச் சிரித்தார், இரண்டாவது சிஸ்டம் கிடைக்கவில்லை. அடுத்த வருஷம் அவள் கணவரும் அண்ணன் தம்பிகளும் கடையைப் பிரித்துக்கொண்டார்கள். அவள் குடும்பம் ஓசூருக்குப் போனது. கொஞ்ச நாள் போன் இருந்தது, பிறகு நம்பர் மாறியது. நான் இன்றைக்கும் நாளுக்கு நான்கு மணி நேரத்துக்கு மேல் வேலை செய்வதில்லை, வருமானத்துக்கும் குறைவில்லை. எப்படி இப்படி அமைத்துக்கொண்டீர்கள் என்று சின்னப் பெண்கள் கேட்கிறார்கள். சொல்லிக்கொடுக்கிறேன். மணி ஒன்றரை ஆனால் மட்டும் எனக்கு அவள் வேண்டும். வேறு யாரும் அல்ல, ரயில் சத்தத்துக்கு நடுவே மாமியார் மாதிரி நடந்து காட்டும் அவள் வேண்டும். இதைச் சொல்ல எனக்கு வெட்கமில்லை.

அந்தத் திங்கட்கிழமை ஐந்தரைக்கு அவள் படியிறங்கி வந்தாள். என்னைப் பார்த்ததும் நின்றாள். உன் பெண் வந்திருப்பாளே என்றாள். பக்கத்து வீட்டில் இருக்கிறாள் என்றேன். அதற்கு மேல் கேட்கவில்லை. இருவரும் ஸ்டேஷன் பக்கம் நடந்தோம். அவள் வீட்டுக்குப் போக ரயில்வே மேம்பாலத்தில் ஏறி மேற்குப் பக்கம் இறங்க வேண்டும். எனக்கு அந்தப் பக்கம் ஒரு வேலையும் இல்லை, ஆனாலும் கூடவே ஏறினேன். ஆபீஸ் விட்டு வரும் கூட்டம் எதிரே இடித்துக்கொண்டு வந்தது. கடைக்காரர்கள் சங்கத்தில் ஏதோ சண்டை என்று அவள் சொன்னாள். நான் ம் கொட்டினேன். சொல்ல வேண்டியதை இன்னும் சொல்லவில்லை.

டாக்டர்கள் ரிப்போர்ட் சொல்லும்போது நடுவில் நர்ஸிடம் பேசுவார்கள், வீட்டுக்குப் போன் பண்ணுவார்கள், எதையாவது சொல்லிப் புலம்புவார்கள். நோய்க்குச் சம்பந்தமில்லாத பேச்சை நாங்கள் வெட்டிவிட வேண்டும், அது விதி. அவள் எழுதியதன் கடைசியில் இரண்டு வரி இருந்தது. கூட வருவதற்கு ஒரு தோழி வேண்டும் என்று நோயாளி விரும்புகிறார். அந்தத் தோழிக்கு மதியத்தில் வேலை இல்லை. இந்த டாக்டர்கள் எதைத்தான் உளற மாட்டார்கள் என்று முணுமுணுத்துக்கொண்டே அந்த இரண்டையும் அழித்திருந்தேன். திருப்பி வந்த ரிப்போர்ட்டில் அவை இல்லை. அவள் மதியம் திரையில் பார்த்தபோது கவனித்தாளா இல்லையா என்று எனக்குத் தெரியவில்லை.

பாலத்தின் நடுவில் வைத்துச் சொன்னேன். "கடைசியா ரெண்டு வரி எழுதியிருந்தியே. அத நான்தான் எடுத்துட்டேன்."

அவள் நின்றுவிட்டாள். பின்னால் வந்த ஒருவர் எரிச்சலோடு ஒதுங்கிப் போனார்.

"படிச்சுட்டா எடுத்தே?"

"படிச்சுட்டுத்தான்."

கீழே ஒரு ரயில் வந்து நின்று, ஆட்களை இறக்கிவிட்டு, கிளம்பிப் போனது. அது போகும் வரை அவள் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள். கோபமாகச் சொல்லவில்லை, எனக்கு எதையோ புரிய வைப்பது போலப் பொறுமையாகத்தான் சொன்னாள்.

"அந்த ரெண்டு வரிக்காகத்தான்டி மத்ததெல்லாம் எழுதினேன்."

சொல்லிவிட்டு நடந்தாள். மேற்குப் பக்கத்துப் படி வரை நானும் கூடவே போனேன்.